மின்சார வண்டியில் கிராக்கோ

பூகோளப் படத்திலிருந்து ஒரு தேசம் 123 வருஷ காலம் அடியோடு மறைந்து போய், பிறகு அதே பெயருடன் மீண்டும் தலையெடுப்பதென்பது சரித்திரத்தில் அடிக்கடி நிகழும் காரியமன்று. போலந்து தேசத்துக்கு அது நிகழ்ந்தது. அண்டை வல்லரசுகளாகிய ருஷியாவும் பிரஷ்யாவும் ஆஸ்திரியாவும் 1772, 1793, 1795 என்று மூன்று தவணையாக அத்தேசத்தைக் கூறுபோட்டுத் தின்று தீர்த்தன. 1918-ஆம் வருஷத்தில்தான் போலந்து மறுபடியும் சுதந்திர நாடாயிற்று. இடையில் பிறந்து இறந்த நாலைந்து தலைமுறையினருக்குச் சொந்தமாகச் சுதந்திர அரசு இல்லை. ஆயினும் தாங்கள் ஒரு தேசத்தார் என்பதை அவர்கள் மறந்துவிடவில்லை.

அவர்களை மறக்கவொட்டாமல் செய்த ஊர்களில் முதன்மையானது கிராக்கோ. அவ்வூரார் நாவில் அது 'கிராகூஃப்' என்று ஒலிக்கிறது. விஸ்துலா நதிக்கரையில் அமைந்த இந்நகரம் பல நூற்றாண்டுகள் போலந்து மன்னர்களின் தலைநகராக விளங்கியது. 1600-ஆம் வருஷத்தை ஒட்டி அரசவை வார்ஸாவுக்குப் பெயர்ந்த பிறகும், முடி சூடுவதற்கும் அடக்கமாவதற்கும் மன்னர்கள் இங்கேதான் வந்தார்கள். இரண்டாம் உலக யுத்தத்தில் வார்ஸா தரைமட்டமாயிற்று. கிராக்கோவின் கட்டடங்களோ பெரும்பாலும் தப்பிப் பிழைத்தன. யுனெஸ்கோ ஸ்தாபனம் 1978-ல் முதன்முதலாக வெளியிட்ட உலகப் பாரம்பரியப் பட்டியலில் இடம் பெற்றவை பன்னிரண்டே இடங்கள். அவற்றுள் கிராக்கோவும் ஒன்று.

இத்தகைய ஊரை ஒரு முற்பகலுக்குள் பார்த்து முடிக்க வேண்டிய நிலைமை ஏற்பட்டால் என்ன செய்வது? அதற்குத்தான் அங்கே மின்சார வண்டிகள் இருக்கின்றன. நாமும் நம் நண்பர் ஒருவரும் அப்படியொரு வண்டியில் ஏறினோம். கண்டதையும் கேட்டதையும் நேயர்களுடன் பகிர்ந்து கொள்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

மெலெக்ஸ் வண்டியின் கதை

வண்டி பார்ப்பதற்கு ஒரு பொம்மை ரயில் பெட்டி போல் இருக்கிறது. மேலே ஒரு கூரை. பக்கங்களில் குளிருக்கும் மழைக்கும் இழுத்துவிடும் கண்ணாடித் திரை. ஐந்தாறு பேர் உட்காரும் ஆசனங்கள். சப்தமில்லை, புகையில்லை. மாட்டு வண்டியைவிட விரைவு, மோட்டாரைவிட மெது. கண்ணுக்கு எட்டியது கருத்துக்கும் எட்டுவதற்கு ஏற்ற வேகம் என்றே சொல்லலாம்.

ஊரார் இவ்வண்டிகளை 'மெலெக்ஸ்' என்கிறார்கள். அது உண்மையில் ஒரு கம்பெனியின் பெயர். போலந்தின் தென்கிழக்கிலுள்ள மியெலெத்ஸ் என்ற ஊரின் ஆகாய விமானத் தொழிற்சாலையில் 1970-களின் தொடக்கத்தில் இவற்றைச் செய்யத் தொடங்கினார்கள். செய்தது போலந்துக்காரர் ஏறிப் போவதற்காக அன்று. அமெரிக்கக் கனவான்கள் கோல்ப் ஆடும் மைதானங்களுக்கு ஏற்றுமதி செய்வதற்காக. உள்நாட்டு விலைக்கும் குறைவாக இங்கே கொண்டு வந்து விற்கிறார்கள் என்று அமெரிக்காவில் புகார் கிளம்பியது. உள்நாட்டு விலை என்னவென்று விசாரித்தால், போலந்தில் கோல்ப் ஆடுவாரும் இல்லை, வண்டி வாங்குவாரும் இல்லை! அதிகாரிகள் கடைசியில் வேறொரு தேசத்து விலையை வைத்துக் கணக்குப் பார்த்தார்களாம். அயலார் விளையாட்டுக்காகப் பிறந்த வண்டி இப்போது சொந்த நாட்டின் சரித்திரத்தைச் சுற்றிக் காட்டி வருகிறது.

கிராக்கோவுக்குப் புகையில்லா வண்டி வேண்டியதற்கு வேறொரு காரணமும் உண்டு. 1949-ல் நகரின் கிழக்கே 'நோவா ஹூத்தா' என்ற பெரும் உருக்குத் தொழில் நகரத்தைக் கட்டத் தொடங்கினார்கள். அதன் புகையும், வீடுதோறும் எரிந்த கரியின் புகையும் சேர்ந்து பழைய சிற்பங்களின் முகத்தை அரித்துவிட்டன. 2019 செப்டம்பர் முதல் நகர எல்லைக்குள் கரியும் விறகும் எரிக்கக் கூடாதென்று சட்டமே செய்துவிட்டார்கள்.

வண்டியோட்டி ஓர் இளம் பெண். ஸர்வகலாசாலையில் படித்துக்கொண்டே இவ்வேலையைப் பார்ப்பவள். வழியில் கேட்பதற்காக இயந்திரத்தில் பதிவு செய்த விளக்கம் இருந்தது. எந்த மொழி வேண்டும் என்று கேட்டு ஒரு நீண்ட பட்டியலைக் காட்டினாள். அந்தப் பட்டியலில் தமிழைத் தேடினோம்; இல்லை. ஆங்கிலத்தைத் தேர்ந்துகொண்டோம்.

பாதியில் நிற்கும் எக்காளம்

நகரின் மத்தியிலுள்ள சந்தைச் சதுக்கத்தை நடந்தேதான் பார்க்க வேண்டும். 1241-ல் தார்த்தாரியர் படையெடுத்து ஊரை எரித்துவிட்டுப் போனார்கள். அதன் பிறகு 1257-ல் புதிய சாசனம் அளித்து, நூல் பிடித்தாற்போல் தெருக்களை வகுத்தார்கள். பக்கத்துக்குப் பக்கம் சுமார் 200 மீட்டர் அளவுள்ள இச்சதுக்கம் அப்போது வகுக்கப்பட்டதே. நடுவில் ஜவுளி வியாபாரிகளின் நீண்ட மண்டபம். ஒரு மூலையில் செங்கல்லால் கட்டிய மேரி மாதா கோயில். அதன் பெரிய கோபுரத்தின் உயரம் சுமார் 80 மீட்டர்.

ஒவ்வொரு மணிக்கும் அக்கோபுரத்திலிருந்து ஒருவர் நான்கு திசைகளையும் நோக்கி எக்காளம் ஊதுகிறார். அவர் நகரத் தீயணைப்புப் படையைச் சேர்ந்தவர். இனிய சிறு கீதம். ஆனால் முடிவதற்கு முன்னே வெடுக்கென்று நின்று போகிறது. தார்த்தாரியர் வருவதைக் கண்டு எச்சரித்த காவலன் ஒருவனின் தொண்டையில் அம்பு பாய்ந்ததாம். அவன் விட்ட இடத்திலேயே இன்றும் நிறுத்துகிறார்களாம். கேட்பதற்கு உருக்கமான கதைதான். ஆனால் இது பரவலானது 20-ஆம் நூற்றாண்டில் என்றும், எரிக் கெல்லி என்ற அமெரிக்கர் 1928-ல் வெளியிட்ட சிறுவர் நவீனம் அதற்கு முக்கிய காரணம் என்றும் சரித்திரக்காரர்கள் சொல்லுகிறார்கள். கதை புதியதாயிருக்கலாம், கீதம் பழையது. 1927 முதல் போலந்து வானொலி இதை நண்பகலில் ஒலிபரப்பி வருகிறது. எங்கோ ஒரு கிராமத்தில் உழுபவனும் தன் பழைய தலைநகரின் எக்காளத்தை அன்றாடம் கேட்கிறான்.

கோயிலின் உள்ளே ஓங்கி நிற்கும் மரப் பீடத்தை வைட் ஸ்டோஸ் என்ற சிற்பி 1477 முதல் 1489 வரை பன்னிரண்டு வருஷம் உழைத்துச் செதுக்கினார். சுமார் 13 மீட்டர் உயரம். நரம்பு புடைத்த கைகளும் சுருக்கம் விழுந்த முகங்களுமாக, அக்காலத்துக் கிராக்கோ ஜனங்களே அப்போஸ்தலர்களாக நிற்பது போல் தோன்றுகிறது. சிற்பி நூரம்பெர்க்கிலிருந்து வந்தவர் என்பதைச் சாக்காகக் கொண்டு, ஹிட்லரின் ஆட்கள் இதைப் பிரித்து ஜெர்மனிக்கு எடுத்துச் சென்றார்கள். யுத்தம் முடிந்தபின் நூரம்பெர்க் கோட்டையின் நிலவறையில் கண்டுபிடிக்கப்பட்டு, 1946-ல் ஊர் திரும்பியது.

சதுக்கத்தின் தளத்தில் ஒரு கல் பதித்திருக்கிறார்கள். 1794 மார்ச் 24-ந் தேதி ததேயுஷ் கொஷ்யூஷ்கோ அங்கே நின்று, தேசத்தின் விடுதலைக்காகப் போராடுவதென்று ஜனங்கள் முன்னிலையில் பிரதிக்ஞை செய்தார். அமெரிக்க சுதந்திர யுத்தத்தில் வாஷிங்டன் பக்கம் நின்று போரிட்ட வீரர் அவர். அவருடைய படையில் அரிவாளைத் தண்டில் நிமிர்த்திக் கட்டிக்கொண்டு குடியானவர்களும் போரிட்டார்கள். போர் தோல்வியில் முடிந்தது. மறு வருஷமே தேசமும் மறைந்தது. ஆனால் ஜனங்கள் அவரை விடவில்லை. 1820 முதல் 1823 வரை நகரின் மேற்கே, அவர் போரிட்ட களங்களின் மண்ணையும் சேர்த்து, கூடையும் தள்ளுவண்டியுமாகக் கொண்டு வந்து கொட்டி, ஒரு குன்றையே எழுப்பினார்கள். அந்நிய வல்லரசுகளின் கண்காணிப்பில் சிலை வைப்பது கடினமாயிருந்திருக்கும். மண் சுமப்பதை யார் தடுப்பது?

இடித்த சிலையும் பூட்டிய கல்லூரியும்

வண்டி ஃப்ளோரியன் வாசலை நோக்கிக் கிளம்பியது. பழைய கோட்டை மதில் இருந்த இடத்தில் இப்போது மதில் இல்லை. 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அதை இடித்துவிட்டு, நகரைச் சுற்றிச் சுமார் 4 கிலோ மீட்டர் நீளத்துக்கு மரங்கள் அடர்ந்த பூங்கா அமைத்தார்கள். அறிவுள்ள சிலர் வாதாடியதால் வடக்கு வாசலும், அதற்கு முன்னே 1498-ஐ ஒட்டி எழுந்த வட்டக் கொத்தளமும் மிஞ்சின.

கொத்தளத்தைத் தாண்டியதும் குதிரை மீது மன்னர் யகியேல்லோ அமர்ந்திருக்கும் பெரிய நினைவுச் சின்னம். 1410-ல் க்ரூன்வால்ட் போர்க்களத்தில் ஜெர்மானிய வீரசங்கத்தாரை அவர் முறியடித்தார். 500-ஆவது ஆண்டு நிறைவாக 1910-ல், தேசம் இன்னும் அடிமைப்பட்டிருந்த காலத்திலேயே, இச்சின்னத்தை நிறுவினார்கள். செலவைக் கொடுத்தவர் பியானோ வாசிப்பதில் உலகப் புகழ் பெற்ற இக்னாஸி பதரெவ்ஸ்கி. ஒன்பது வருஷத்துக்குப் பின் அவரே சுதந்திரப் போலந்தின் பிரதம மந்திரியானார். ஜெர்மானியர் 1939-ல் ஊரைப் பிடித்ததும் இச்சின்னத்தை உடைத்தெறிந்தார்கள். நாம் இப்போது காண்பது 1976-ல் திரும்பக் கட்டியது.

கல்லை உடைத்தவர்கள் கல்வியையும் உடைக்கப் பார்த்தார்கள். பூங்கா ஓரமாக வண்டி சென்றபோது அதற்கான இடத்தைப் பார்த்தோம். கிராக்கோ ஸர்வகலாசாலை 1364-ல் காஸிமிர் மன்னரால் ஸ்தாபிக்கப்பட்டது. அது நலிந்திருந்தபோது அரசி யாத்விகா தம் ஆபரணங்களை அதற்கென்றே எழுதி வைத்து இறந்தார். அந்தப் பணத்தில் 1400-ல் அது புத்துயிர் பெற்றது. 1491-ல் இங்கே மாணவராகச் சேர்ந்தவர்களுள் ஒருவர் கோபர்நிக்கஸ். பூமிதான் சூரியனைச் சுற்றுகிறது என்று பிற்காலத்தில் உலகத்துக்கு எடுத்துக் காட்டியவர் அவர்.

1939 நவம்பர் 6-ந் தேதி, ஒரு சொற்பொழிவு கேட்க வரும்படி இந்தக் கலாசாலையின் ஆசிரியர்களை ஜெர்மன் அதிகாரிகள் அழைத்தார்கள். வந்தவர்களைத் துப்பாக்கி முனையில் லாரிகளில் ஏற்றினார்கள். கைதானவர் 183 பேர். பெரும்பாலோர் ஸாக்ஸன்ஹௌஸன் சிறை முகாமுக்கு அனுப்பப்பட்டார்கள். முதியவர் பலர் குளிரிலும் பசியிலும் மாண்டார்கள். பல நாடுகளிலிருந்து கண்டனம் எழுந்ததால் 1940 பிப்ரவரியில் அநேகர் விடுதலையானார்கள். திரும்பி வந்தவர்கள் என்ன செய்தார்கள் தெரியுமா? 1942 முதல், பிடிபட்டால் உயிருக்கு ஆபத்து என்று தெரிந்தே, வீடுகளின் உள்ளறைகளில் ரகசியமாக வகுப்பு நடத்தினார்கள். சுமார் 800 பேர் படித்தார்கள். அவர்களில் கரோல் வொய்த்தீவா என்ற இளைஞர் பிறகு இரண்டாம் ஜான் பால் என்ற பெயருடன் போப்பாண்டவரானார்.

வண்டியோட்டியிடம், "நீ படிப்பதும் இங்கேதானா?" என்று கேட்டோம். "ஆம். ஒவ்வொரு நவம்பர் 6-ந் தேதியும் எங்கள் ஆசிரியர்கள் அவர்களுக்கு அஞ்சலி செலுத்துகிறார்கள்" என்றாள் அவள்.

வாவெல் குன்று

நதியோரத்தில் வாவெல் குன்றின் மீது அரண்மனையும் பிரதான மாதா கோயிலும் எழுந்து நிற்கின்றன. அடிவாரத்தில் ஒரு குகை. அங்கே வாழ்ந்த பறக்கும் நாகம் ஒன்று ஊராரின் ஆடுமாடுகளை விழுங்கி வந்ததாம். செருப்புத் தைக்கும் பையன் ஒருவன் ஆட்டுத் தோலில் கந்தகத்தை அடைத்து வைத்தானாம். அதை விழுங்கிய நாகம் தாகம் தாங்காமல் விஸ்துலா நதியைக் குடித்துக் குடித்து வெடித்துச் செத்ததாம். குகை வாசலில் உலோகத்தால் செய்து வைத்திருக்கும் நாகம் சில நிமிஷங்களுக்கு ஒரு முறை உண்மையாகவே தீயைக் கக்குகிறது. குழந்தைகளுக்குக் கொண்டாட்டம்.

மாதா கோயிலின் கோபுரத்தில் 1520-ல் வார்த்த ஸிக்மந்த் மணி தொங்குகிறது. எடை ஏறக்குறைய 13 டன். அதை ஆட்டுவதற்குப் பன்னிரண்டு ஆட்கள் வேண்டும். பெரும் பண்டிகைகளிலும், தேசத்துக்குப் பெரும் சுகதுக்கங்கள் நேரும்போதும் மட்டுமே அதை அடிக்கிறார்கள். கீழே நிலவறைகளில் மன்னர்கள் அடக்கமாகியிருக்கிறார்கள். அவர்களோடு இரு கவிஞர்களும் இருப்பதுதான் நமக்கு வியப்பளித்தது. நாடு கடந்து வாழ்ந்து இறந்த மிட்ஸ்கியேவிச்சின் எலும்புகளை 1890-லும், ஸ்லொவாட்ஸ்கியின் எலும்புகளை 1927-லும் பிரான்ஸிலிருந்து கொண்டு வந்து அரசர் நடுவே அடக்கம் செய்தார்கள். அரசு இல்லாத காலத்தில் தேசத்தை ஆண்டவர்கள் கவிஞர்களே என்ற எண்ணம் அவர்களுக்கு. அது நியாயமான எண்ணந்தான்.

இந்த அரண்மனையில் 1939 முதல் 1945 ஜனவரி வரை கொலுவிருந்தவன் ஹான்ஸ் ஃபிராங்க் என்ற ஹிட்லரின் பிரதிநிதி. 1946-ல் நூரம்பெர்க்கில் அவன் தூக்கிலிடப்பட்டான்.

நாற்காலிகள் நிற்கும் சதுக்கம்

குன்றைக் கடந்து சற்றுத் தூரத்தில் கஸிமியெஷ் என்ற பகுதி. காஸிமிர் மன்னர் 1335-ல் தனி நகரமாகவே நிறுவியது. 15-ஆம் நூற்றாண்டின் இறுதியிலிருந்து யூதர்கள் இங்கே நெருங்கி வாழ்ந்தார்கள். ஐரோப்பாவின் பல ராஜ்யங்கள் யூதர்களைத் துரத்திய காலத்தில் போலந்து மன்னர்கள் அவர்களுக்கு இடமளித்தார்கள். 1572-ல் காலமான ரபி மோசே இஸர்லெஸ் என்ற பெரிய சாஸ்திர பண்டிதரின் சமாதி, ரெமு ஆலயத்தையடுத்த பழைய மயானத்தில் இருக்கிறது. நாஜிகள் உடைத்த கல்லறைக் கற்களின் துண்டுகளைப் பொறுக்கியெடுத்து ஒரு சுவராகவே அங்கே கட்டியிருக்கிறார்கள்.

1939-ல் கிராக்கோவின் ஜனங்களில் ஏறத்தாழ நாலில் ஒருவர் யூதர். அறுபதினாயிரத்துக்கு மேற்பட்டவர்கள். அவர்களுள் பலரை வெளியூர்களுக்குத் துரத்திவிட்டு, எஞ்சியவர்களை 1941 மார்ச்சில் நதிக்கு அப்பால் பொத்கூழே பகுதியில் அடைத்தார்கள். சுமார் 3,000 பேர் வசித்த இடத்தில் 15,000 பேருக்கு மேல். சுற்றிலும் எழுப்பிய சுவரின் உச்சியைக் கல்லறைக் கற்களின் வடிவில் வளைத்து வளைத்துக் கட்டினார்கள். அச்சுவரின் ஒரு துண்டு இன்றும் நிற்கிறது. 1943 மார்ச் 13, 14 தேதிகளில் அந்த அடைப்பை முற்றிலும் காலி செய்தார்கள். உழைக்கக் கூடியவர்களைப் பக்கத்து ப்வாஷூஃப் முகாமுக்கு விரட்டினார்கள். மற்றவர்களில் பலரைத் தெருவிலேயே சுட்டுக் கொன்றார்கள். பலரை அவுஷ்விட்ஸுக்கு அனுப்பினார்கள்.

ஜனங்களைக் கூட்டி ரயிலுக்கு அனுப்பிய சதுக்கத்தின் அன்றைய பெயர் 'சமாதானச் சதுக்கம்'. இன்று அது 'அடைப்பு வீரர்கள் சதுக்கம்'. 2005-ல் அங்கே ஒரு நினைவுச் சின்னம் அமைத்தார்கள். சிலை இல்லை, ஸ்தூபி இல்லை. வெறும் நாற்காலிகள். உட்காருவார் யாருமின்றி, இடைவெளி விட்டு, 33 பெரிய உலோக நாற்காலிகள் நிற்கின்றன. மக்கள் தங்கள் தட்டுமுட்டுச் சாமான்களைச் சுமந்துகொண்டு இங்கே குடியேறினார்கள். அவர்கள் போன பிறகு அந்தச் சாமான்கள் மட்டும் இச்சதுக்கத்தில் குவிந்து கிடந்தன. அதன் நினைவாகவே நாற்காலிகள்.

சதுக்கத்தின் ஓரத்தில் ஒரு மருந்துக் கடை. அதன் சொந்தக்காரர் ததேயுஷ் பன்கியேவிச் யூதரல்லர். கடையை விட்டு வெளியேறலாம் என்று அதிகாரிகள் சொல்லியும் அவர் மறுத்துவிட்டார். அடைப்புக்குள் இருந்த ஒரே மருந்துக் கடை அதுதான். வயதானவர்களைக் கொன்றுவிடுவார்களே என்று அவர்களுக்குத் தலைமயிர்ச் சாயம் கொடுத்தார். ஒளிந்திருக்கையில் குழந்தைகள் அழுதுவிடாதிருக்கத் தூக்க மருந்து கொடுத்தார். சாதாரணக் கடைச் சரக்குகள்தாம். அவற்றைக் கொண்டு உயிர்களைக் காத்தார். சிறிது தூரத்தில் ஆஸ்கர் ஷிண்ட்லரின் பாத்திரத் தொழிற்சாலை இருக்கிறது. சுமார் 1,200 யூதரைக் காப்பாற்றிய அவருடைய கதை சினிமா வாயிலாக உலகறிந்தது. 2010 முதல் அங்கே ஒரு பொருட்காட்சிச் சாலை நடைபெறுகிறது.

இந்த இடத்தில்தான் நமக்கு மனசு ஒரு நிலையில் இல்லை. பறக்கும் நாகத்தின் கதையை எந்தக் குரலில் சொன்னதோ, அதே குரலில் இயந்திரம் இந்தக் கதையையும் சொல்லிக்கொண்டிருந்தது. இதற்கு இரண்டு நிமிஷம், அதற்கு இரண்டு நிமிஷம். கொலைக்களத்தை மெத்தை போட்ட ஆசனத்தில் அமர்ந்து பார்த்துக்கொண்டு போவது தர்மமா என்ற கேள்வி எழுந்தது. இயந்திரத்தை நிறுத்தச் சொன்னோம். அப்பெண் உடனே நிறுத்தி, வண்டியையும் ஓரமாக நிறுத்தினாள். "இங்கே இறங்குகிறவர்களை நான் அவசரப்படுத்துவதில்லை" என்றாள். நாற்காலிகளின் நடுவே சிறிது நேரம் நடந்தோம். டிராம் வண்டிக்குக் காத்திருந்த ஒருவர் ஓரத்திலிருந்த சிறிய நாற்காலியொன்றில் உட்கார்ந்திருந்தார். அது தவறென்று நமக்குத் தோன்றவில்லை. ஊர் என்பது வாழ்கிறவர்களுக்கும் உரியதல்லவா?

யார் நினைவு?

கிராக்கோ ஜனங்கள் தங்கள் மன்னரையும் வீரரையும் கவிஞரையும் மறக்காமல் காத்ததனால் தேசம் மீண்டது. அதைக் கண்டு நம் உள்ளம் பூரிக்கிறது. ஆனால் அந்நகரிலே நாலில் ஒருவராக இருந்தவர்களில் இன்று மிகச் சிலரே இருக்கிறார்கள். அவர்களுக்காக மண் சுமந்து குன்று எழுப்ப அவர்களுடைய பேரன்மார் இல்லை. அவர்களுடைய நினைவை மற்றவர்கள்தான் காக்க வேண்டும். தன் பெருமையை நினைவு வைத்துக்கொள்வது எந்தத் தேசத்துக்கும் எளிது. தன் மண்ணில் வாழ்ந்து அழிந்த அயல் மதத்தாரையும் தன்னவரென்று நினைவு வைத்துக்கொள்வதுதான் கடினம். அந்த நாற்காலிகளை வைத்தவர்கள் அதைச் செய்ய முன்வந்திருக்கிறார்கள்.

அயலாரை ஆதரித்த கதையொன்றில் நம் தேசத்துக்கும் பங்குண்டு. ருஷியாவிலிருந்து அகதிகளாக வெளியேறிய போலந்துக் குழந்தைகளுக்கு, 1942 முதல் நவாநகர் ஜாம் சாகிப் திக்விஜயசிங்ஜி தம் சமஸ்தானத்துப் பாலாசடியில் இடம் கொடுத்தார். கோல்ஹாப்பூரை அடுத்த வலிவாடேயில் இன்னும் பல ஆயிரம் பேர் தங்கினார்கள். உமாதேவி என்று பெயர் ஏற்ற வாண்டா தினோவ்ஸ்கா என்ற போலந்து மாது 1944-ல் சென்னையில் 'போலந்து-இந்திய நூல் வரிசை' ஒன்றைத் தொடங்கி, நம் நாட்டு நூல்களைத் தம் தாய்மொழியில் வெளியிட்டார். சொந்த நாடு எதிரி வசமிருந்த வருஷம் அது.

கிராக்கோ செல்லும் நேயர்களுக்கு நாம் சொல்வது இதுதான்: நடக்க முடியாத முதியவர்களும் நேரமில்லாதவர்களும் மின்சார வண்டியில் தாராளமாக ஏறலாம். இரண்டு மணி நேரத்துக்குள் அது ஊரைச் சுற்றிவிடும். ஆனால் அதைப் புஸ்தகத்தின் பொருளடக்கம் போலவே கொள்ள வேண்டும். பொருளடக்கத்தைப் படித்ததும் புஸ்தகத்தை மூடிவிடுகிறவர் இல்லை. வாவெல் நிலவறைக்கு இறங்கிப் பாருங்கள். மணி அடிக்கும்போது மாதா கோயிலின் கீழே நின்று எக்காளத்தைக் கேளுங்கள். நாற்காலிச் சதுக்கத்தில் மட்டும், இயந்திரத்தின் வாயை மூடச் சொல்லிவிட்டு, வண்டியை விட்டு இறங்குங்கள்.